உடன்பிறந்தாள் முகம்

ஜப்பான்காரர்கள் பினாங்கை ஆண்ட காலம் முழுவதும், சூலியா தெருவில் ஹலீனா என்ற போலந்துக்காரியைப் பார்த்தவர்கள் எல்லாரும் தங்கள் சொந்த அக்காவைத்தான் பார்த்தார்கள். அக்கா இல்லாதவர்களுக்குத் தங்கை தெரிந்தாள். தங்கையும் இல்லாதவர்களுக்குப் பெரியப்பா மகளோ சின்னம்மா மகளோ தெரிந்தாள். முகம் மட்டும் என்றில்லை. நடை, குரல், கோபம் வந்தால் இடுப்பில் கைவைக்கும் விதம் வரைக்கும் அப்படியே இருந்தது. அந்த வருடங்களில் அரிசி கிடைக்கவில்லை, சீனி கிடைக்கவில்லை, சவர்க்காரம் கிடைக்கவில்லை. அக்கா மட்டும் ஆளுக்கொருத்தி கிடைத்தாள்.

அவள் லுவூஃப் என்ற ஊர்க்காரி. ஐரோப்பியத் தோட்ட முதலாளி ஒருவரின் பிள்ளைகளுக்குப் பியானோ சொல்லிக்கொடுக்க இருபத்தொரு வயதில் கப்பலேறியவள். கப்பல் கொழும்பைத் தாண்டுவதற்குள் அவள் நாட்டை ஒரு பக்கம் ஜெர்மனியும் மறுபக்கம் ரஷ்யாவும் பிடித்துக்கொண்டன. ஆக, பினாங்கில் இறங்கும்போதே அவள் இல்லாத நாட்டின் பிரஜை. இரண்டு வருடம் கழித்து, பினாங்கு நகரமான ஜார்ஜ் டவுன் மீது குண்டு விழுந்த டிசம்பர் நாளில், அறுந்த செருப்பைத் தைக்கக் கொடுத்துவிட்டு சூலியா தெருவில் நின்றிருந்தாள். அடிபட்டவர்களுக்குக் கட்டுப்போட ஆள் இல்லை. ஒற்றைச் செருப்போடு தெருவில் இறங்கி, நூர் முகம்மதுவின் சாப்பாட்டுக் கடையிலிருந்த மேசைத்துணி அத்தனையையும் கிழித்துக் கட்டினாள். அந்த வேலை சில நாள் இழுத்தது. முடித்துவிட்டு பங்களாவுக்குத் திரும்பினால் வீடு காலி. வெள்ளைக்காரர்களை எல்லாம் சத்தமில்லாமல் கப்பலேற்றி அனுப்பிவிட்டிருந்தார்கள். அவளுக்கும் ஒரு வார்த்தை சொல்லவேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. பியானோவும் நாயும் மட்டும் இருந்தன. நாயைப் பக்கத்துச் சீனர் வீட்டில் விட்டுவிட்டு, நேரே நூர் முகம்மதுவின் கடைக்கு வந்து நின்றாள். நூர் முகம்மதுவின் மனைவி ஜன்னத் கேள்வி எதுவும் கேட்கவில்லை. தட்டை வைத்தாள், பிறகு பாயைக் காட்டினாள்.

ஜப்பான் ராணுவம் ஊருக்குள் வந்த முதல் வாரத்திலேயே, ஒளிந்திருக்கும் வெள்ளைக்காரர்களைத் தேடிக்கொண்டு ஒரு சிப்பாய் கடைக்குள் நுழைந்தான். ஹலீனா கொல்லைப்பக்கத்தில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். வைக்கோல் நிற முடியை மறைக்க நேரம் இல்லை. ஜன்னத் அடுப்பை விட்டு எழுந்து, இருவருக்கும் நடுவில் வந்து நின்று, "அது எங்க ராத்தா" என்றாள். ராத்தா என்றால் அவர்கள் வீட்டு வழக்கில் அக்கா.

நம் ஊரில் பெண்ணைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவது மரியாதை இல்லை. மீன்காரி அக்கா, பஸ்ஸில் இடித்துக்கொண்டு ஏறுகிறவள் அக்கா, காய்கறியில் ஏமாற்றுகிறவளும் அக்கா. ஒரு நாளைக்கு நூறு தடவை புழங்கித் தேய்ந்துபோன சொல் அது. ஆனால் ஜன்னத்துக்கு நாகூரில் நிஜமாகவே ஒரு ராத்தா இருந்தாள். கல்யாணமாகிக் கப்பலேறிய பிறகு அவளைப் பார்த்ததே இல்லை. அத்தனை வருடமும் சேர்ந்து அந்தச் சொல்லோடு வெளியே வந்ததில், அது அப்போதே பலித்துவிட்டது. சிப்பாயின் எதிரே, சின்ன வயதில் அவனை முதுகில் தூக்கிக்கொண்டு ஆற்றைக் கடந்த அவனுடைய அக்கா உட்கார்ந்து வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். அவன் தொப்பியைக் கழற்றினான், குனிந்து வணங்கினான், அக்காவுக்குக் கண் எரிகிறதே என்று ஜப்பானிய மொழியில் வருத்தப்பட்டான், போய்விட்டான். சத்தம் கேட்டு உள்ளே வந்த நூர் முகம்மதுவுக்கு அவருடைய மூத்த சகோதரி தெரிந்தாள். வாயிலிருந்த சுருட்டைச் சட்டென்று முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டார். இவள் யாருடைய ராத்தா என்று கணவன் மனைவிக்குள் அன்று சாயங்காலம் வரைக்கும் சண்டை.

பிறகு தெரு பழகிக்கொண்டது. சீன ரொட்டிக்காரர் ரொட்டியோடு மாமியார் பற்றிய புகாரையும் கொண்டுவந்தார். மலாய் மீனவர் ஒருவர் மீனைக் கொடுத்துவிட்டு, "தங்கச்சி, உம்மா உன்மேல கோவமா இல்லைலா" என்று அவளுக்குத் தெரியாத ஒரு தாயின் சார்பில் சமாதானம் பேசினார். அக்காவின் பங்கு வீட்டை ஏமாற்றி வாங்கிக்கொண்ட ஒரு துணிக்கடைக்காரர் சூலியா தெரு வழியாக வருவதையே நிறுத்திவிட்டு, மூன்று தெரு சுற்றிப் போனார். ஹலீனா தன் வீட்டில் கடைக்குட்டி. அதிகாரம் பண்ணிப் பழக்கமில்லை. இங்கே பஞ்சாயத்து பண்ணவும், திட்டவும், திட்டிய பிறகு சாப்பிடச் சொல்லவும் கற்றுக்கொண்டாள். தமிழை ஜன்னத்திடமிருந்து எடுத்துக்கொண்டதால் அவள் பேச்சில் நாகூர் வாடை அடித்தது. அவளுக்குக் குறை ஒன்றே ஒன்றுதான். கண்ணாடியில் பார்த்தால் அவளுக்கும் தன் முகம் தெரியவில்லை. வார்சாவில் ஆஸ்பத்திரி நர்சாக இருந்த அவளுடைய அக்கா ஸோஃபியா தெரிந்தாள். முதல் மாதம் அது ஆறுதலாக இருந்தது; கண்ணாடி முன்னால் நின்று அக்காவோடு போலிஷ் மொழியில் பேசினாள். அடுத்த வருடம் தன் மூக்கு எப்படி இருக்கும் என்று மறந்துபோயிற்று.

அவளை எதிர்ப்பு வேலைக்குள் கொண்டுவந்தவர் அப்புத்துரை. துறைமுக அலுவலகத்தில் கிளார்க், யாழ்ப்பாணத்துக்காரர், மனைவி பத்மாவதியோடும் ஒரே மகள் யோகலட்சுமியோடும் பின் சந்தில் குடியிருந்தார். ஜப்பான்காரர்கள் ஊரிலுள்ள ரேடியோக்களை எல்லாம் பறித்துக்கொண்டபோது ஒன்று மட்டும் தப்பியது. அது கடலுக்கு அக்கரையில், சுங்கை பாக்காப் தோட்டத்து ஆஸ்பத்திரியில், மருந்து கொடுத்துக் கட்டுப்போடும் டிரெஸ்ஸர் கந்தப்புவின் மருந்துப் பெட்டிகளுக்கு அடியில் இருந்தது. அதற்குப் போடும் பேட்டரியை ஜார்ஜ் டவுனில்தான் சார்ஜ் செய்ய முடியும். பேட்டரியையும், தோட்டத்துக் காய்ச்சல்காரர்களுக்குக் குயினைன் மாத்திரையையும் அக்கரைக்குக் கொண்டுபோய்ச் சேர்க்கவேண்டும். லண்டன் சொன்ன செய்தியைத் தலையில் வைத்துக்கொண்டு திரும்பவேண்டும். பிடிபட்டால் தலை போகும், ஒரு தலையோடும் நிற்காது. ஹலீனா தானாகவே முன்வந்தாள். அந்த ரேடியோவில் எப்போதாவது போலந்து என்ற சொல் வரும் என்று கந்தப்பு சொல்லியிருந்தார். அவளுக்கு அது போதும்.

படகுத்துறையில் ஊரார் எல்லாரும் காவல்காரனுக்குக் குனிந்து வணங்க வேண்டும். சரியாகக் குனியாதவனுக்கு அறை விழும். ஹலீனா வரும்போது மட்டும் காவல்காரன் குனிந்தான். மரவள்ளிக்கிழங்குக் கூடைக்கு அடியில் பேட்டரி இருந்தது. இவ்வளவு பாரத்தை அக்கா தூக்கலாமா என்று அவனே வாங்கிக்கொண்டுபோய்ப் படகில் வைத்தான். இப்படி இரண்டு வருடம் நடந்தது. ஸ்டாலின்கிராட்டும் இத்தாலியும் சுங்கை பாக்காப்பிலிருந்து அவள் தலையில் ஏறிக்கொண்டு, கடல் கடந்து, நூர் முகம்மதுவின் கடையில் மீன்குழம்போடு பரிமாறப்பட்டன.

மூன்றாவது வருடம் ஸ்ரீஸ்கந்தராஜா சாப்பிட வந்தான்.

ஜப்பான் போலீஸில் அவன் மொழிபெயர்ப்பாளன். கட்டாய வகுப்பில் எல்லாரும் வேண்டாவெறுப்பாகப் படித்த ஜப்பானிய மொழியை, படிப்பில் இயல்பாகவே கெட்டிக்காரனாக இருந்த பாவத்துக்கு, நன்றாகப் படித்துத் தொலைத்துவிட்டான். பிறகு அவனை விடவில்லை. அவன் அப்பா அம்மாவுக்கு ஒரே பிள்ளை. அப்பாவும் ஒரே பிள்ளை, அம்மாவும் ஒரே பிள்ளை. பெரியப்பா கிடையாது, சின்னம்மா கிடையாது. பெற்றோரும் போய்விட்டார்கள். பினாங்கு யாழ்ப்பாணத்தார் அவனைத் தனிப்பனை என்பார்கள். அந்தத் தனிப்பனை தட்டின் முன் உட்கார்ந்து, குழம்பு ஊற்ற வந்தவளை நிமிர்ந்து பார்த்து, சாதாரணமாகக் கேட்டான்:

"நீங்கள் எந்த நாடு?"

நூர் முகம்மதுவின் கரண்டி நின்றது. "அது எங்க ராத்தா லா. நாகூரு."

"நாகூரில ஆக்களுக்குக் கண் நீலமோ?"

"கடலோரம் தம்பி. அப்படித்தான் இருக்கும்."

அவன் அதற்குமேல் கேட்கவில்லை. சாப்பிட்டுக் கைகழுவிப் போனான். ஹலீனா குழம்புச் சட்டியோடு அங்கேயே நின்றாள். பிடிபட்டாயிற்று என்று தோன்றியது. ஆனால் தன் கண் நீலம் என்பது அவளுக்கு நினைவு வந்திருந்தது. இரண்டும் ஒரே சமயத்தில் நடந்ததால் சட்டியை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

அடுத்த ஞாயிறு கந்தப்பு அக்கரையிலிருந்து வந்தார். இவனை என்ன செய்வது என்று பேசினார்கள். "நல்ல குடும்பத்துப் பெடியன்" என்றார் அப்புத்துரை. "நல்ல குடும்பம்தான் அண்ணே. ஆனா குடும்பம்தானே அவனுக்கு இல்ல, அதுதானே கஷ்டம்" என்றார் கந்தப்பு. பொறுத்துப் பார்ப்பது என்று முடிவாயிற்று. பொறுத்ததில் மோசம் வரவில்லை. ஸ்ரீஸ்கந்தராஜா தினம் வந்தான், காட்டிக்கொடுக்கவில்லை. கடை ஓய்ந்த நேரத்தில் ஹலீனா அவன் மேசைக்கு எதிரே உட்கார்ந்து, "சொல்லுங்க" என்பாள். அவன் சொல்லுவான். இடது புருவத்தில் ஒரு தழும்பு. ஐந்து வயதில் பனிச்சறுக்கு வண்டியிலிருந்து விழுந்தது என்று அவள் நினைவுபடுத்திக்கொள்வாள். மூக்கின் மேல் தவிட்டு நிறத்தில் புள்ளிகள். முன்பல் ஒன்று பக்கத்துப் பல்மேல் சாய்ந்து நிற்கிறது. சிரிக்கும்போது அதை மறைக்க உதட்டை இறுக்குகிறாள். மறைக்கத் தேவையில்லை என்பது அவன் அபிப்பிராயம். ஊர் முழுக்க அவளுக்கு உடன்பிறந்தவர்கள். அவள் முகத்தில் அவளையே பார்க்கிறவன் ஒருத்தன்தான், அவன் போலீஸ் உத்தியோகத்தில் இருந்தான்.

அந்த வருடக் கடைசியில் வார்சா நகரத்தை ஜெர்மன்காரர்கள் வீடு வீடாக எரித்துத் தரைமட்டமாக்கிய செய்தியை அவளே தலையில் வைத்துக்கொண்டு படகேறி வந்தாள். ஸோஃபியாவின் ஆஸ்பத்திரி இருந்த தெருவின் பெயரையும் ரேடியோ சொல்லியிருந்தது. உடன்பிறந்தாள் வீட்டுச் சாவு தங்கள் வீட்டுச் சாவுதான் என்பதில் தெருவில் யாருக்கும் சந்தேகம் வரவில்லை. யாழ்ப்பாணத்தார் முப்பத்தொரு நாள் சாவுத் துடக்குக் காத்தார்கள், கோயிலுக்குப் போகவில்லை. அர்ச்சனைக்கு ஆளில்லாமல் குருக்கள் தனியாக மணியடித்தார். நூர் முகம்மது பாத்திஹா ஓதிச் சோறு கொடுத்தார். சீனர் வீட்டு வாசலில் வெள்ளைத்துணி தொங்கியது. துக்கம் கேட்க ஒரே ஒருத்தன் வந்தான். மற்ற எல்லாரும் துக்கக்காரர்களாக இருந்தபடியால், ஹலீனாவிடம் வந்து துக்கம் கேட்க வெளியாள் என்று ஊரில் அவன் மட்டும்தான் மிஞ்சியிருந்தான். ஸ்ரீஸ்கந்தராஜா பேசத் தெரியாமல் தொப்பியைக் கையில் வைத்துச் சுற்றிக்கொண்டிருந்தான். அவள் முதல்முறையாக அன்றைக்குத்தான் அழுதாள். அழும்போது அவள் மூக்குப் புள்ளிகள் சிவக்கின்றன என்பதை அவன் பிறகு ஒருநாள் சொன்னான்.

தை பிறந்தபோது ஜப்பான் போலீஸுக்குப் புது அதிகாரி ஒருவர் வந்தார். கணக்கில் புலி, சிடுசிடுப்பு இல்லாதவர். படகுத்துறைக் காவல்காரர்கள் இரண்டு பேர் சாப்பாட்டின்போது, தன் அக்கா அடிக்கடி படகேறுகிறாள் என்று ஒருவனுக்கொருவன் சொல்லிக்கொண்டதைக் கேட்டார். இருவரும் வேறு வேறு ஊர். மறுநாள் தானே போய் நின்றார். பூகம்பத்தில் செத்துப்போன அவருடைய அக்கா, கிழங்குக் கூடையோடு அவரைத் தாண்டிப் போனாள். அவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு அலுவலகத்துக்குத் திரும்பி, உடன்பிறந்தாள் என்று யாருமே இல்லாத ஆள் நம்மிடம் யார் இருக்கிறான் என்று விசாரித்தார். இப்படி எல்லாருக்கும் அக்காவாகத் தெரிகிறவள் ஒளிந்திருக்கும் வெள்ளைக்காரியாகத்தான் இருக்கவேண்டும் என்பது அவர் கணக்கு. திங்கட்கிழமையிலிருந்து ஸ்ரீஸ்கந்தராஜா படகுத்துறையில் நின்று, போகிற வருகிற பெண்களில் வெள்ளைக்காரி யார் என்று காட்டவேண்டும். அதிலும் அகப்படாவிட்டால் அவனைக் கூட்டிக்கொண்டு வீடு வீடாகப் போவது.

வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகைக்காகக் கடை மூடியிருந்த நேரத்தில் அவன் பின்வாசல் வழியாக வந்து, அப்புத்துரை குடும்பத்தையும் கூட்டிவரச் சொன்னான். எல்லாரும் உட்கார்ந்த பிறகு விஷயத்தைச் சொன்னான்.

"தெரியாதெண்டு சொல்லிவிடன்" என்றாள் பத்மாவதி.

"நான் பொய் சொன்னா காது சிவக்கும் மாமி. எல்லாருக்கும் தெரியும்."

"தொப்பியை இழுத்து விடு" என்றாள் யோகலட்சுமி. இருபத்தேழு வயது, பள்ளிக்கூட டீச்சர், வாய் சும்மா இராது.

"அடிச்சா சொல்லிப்போடுவன் அக்கா. நான் தைரியமான ஆள் இல்லை. அவங்க அடிக்கிறதைப் பக்கத்தில இருந்து மொழிபெயர்த்தவன் நான். என்னால தாங்க ஏலாது."

யாரும் அவனைக் கோழை என்று சொல்லவில்லை. அவன் காது சிவக்கவில்லை என்பதை எல்லாரும் பார்த்தார்கள். அவன் தாங்கமாட்டாமல் சொன்னால் முதலில் ஹலீனா, அவளுக்கு அடுத்து நூர் முகம்மது, அப்புத்துரை, கடைசியில் கந்தப்புவும் அவருடைய காய்ச்சல்காரர்களும். தலைகளின் வரிசை அந்த அறையில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு நன்றாகத் தெரியும்.

அந்த நேரத்தில் நூர் முகம்மது தொழுகையிலிருந்து திரும்பி வந்தார். கேட்டார். யோசித்தார். "தம்பிக்கு ஒரு அக்கா இல்லாததுதானே பிரச்சனை? ஒரு அக்காவைக் குடுத்துட்டாப் போச்சுலா" என்றார், மேசைக்கு நாற்காலி குறைகிறது என்பதுபோல.

பத்மாவதி கணவரைப் பார்த்தாள். யாழ்ப்பாணத்தில் பிள்ளை தத்தெடுக்க மஞ்சள் தண்ணி குடிப்பார்கள். மஞ்சள் கரைத்த நீரில் சொத்து உரிமைக்காரர்கள் விரல் தோய்த்துச் சம்மதம் சொல்ல, எடுக்கிறவர்கள் அதைக் குடித்துவிட்டால் பிள்ளை அவர்களுடையதுதான். அதற்கு மேல் கோர்ட் கச்சேரி வேண்டாம். அப்புத்துரைக்கு ஆண்பிள்ளை இல்லை. யோகலட்சுமி இவனுக்கு ஒரு வயது மூத்தவள். இன்றைக்கே குடித்துவிட்டால் திங்கட்கிழமை இவனுக்கும் ஒரு அக்கா இருப்பாள்.

"நான் விரல் வைக்கவேணும் என்ன?" என்றாள் யோகலட்சுமி. "வைக்கிறன். சாவகச்சேரித் தென்னங்காணி எனக்கு. இப்பவே சொல்லிப்போட்டன்."

"எடுத்துக்கொள்ளுங்கோ" என்றான் ஸ்ரீஸ்கந்தராஜா. அவன் ஹலீனாவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். இந்த ஏற்பாட்டில் போவது எது என்று அந்த அறையில் இரண்டு பேருக்கு மட்டும் தெரிந்திருந்தது. வேண்டாம் என்று ஒரு சொல் ஹலீனா சொல்லியிருந்தால் அவன் கேட்டிருப்பான். அவள் எழுந்து, மஞ்சள் டப்பா எந்த அலமாரியில் இருக்கிறது என்று பத்மாவதிக்குக் காட்டிவிட்டு வந்தாள். "மஞ்சள் கரையட்டும். அதுவரைக்கும் ஒரு தடவை சொல்லுங்க" என்றாள்.

அவன் சொன்னான். ஒன்றையும் விடவில்லை. நெற்றியில் ஆரம்பித்து, புருவத்துத் தழும்பு, கண், புள்ளிகள், சாய்ந்த பல், தாடை, கழுத்தில் எண்ணெய் தெறித்த தடம் வரைக்கும், மனப்பாடம் ஒப்பிக்கிற பிள்ளையைப் போலச் சொன்னான். ஜன்னத் அடுப்படியிலிருந்து கேட்டுக்கொண்டிருந்தாள்; ராத்தாவின் முகத்தைப் பற்றி இந்தப் பையன் ஏன் இப்படித் தப்பும் தவறுமாகச் சொல்கிறான் என்று நினைத்துக்கொண்டே அழுதாள். யோகலட்சுமி விரல் தோய்த்தாள். அப்புத்துரையும் பத்மாவதியும் குடித்தார்கள். கிண்ணம் காலியானதும் ஸ்ரீஸ்கந்தராஜா தலை நிமிர்ந்தான். எதிரே இரண்டு யோகலட்சுமிகள் உட்கார்ந்திருந்தார்கள். "எது என்ர அக்கா?" என்று கேட்டான். ஒரு யோகலட்சுமி சிரித்தாள். மற்றவள் எழுந்து, பாத்திரம் கழுவ உள்ளே போனாள்.

திங்கட்கிழமை நல்ல வெயில். நிஜ யோகலட்சுமியை வீட்டை விட்டு வெளியே வரக்கூடாது என்று சொல்லியிருந்தார்கள். "என்ர முகம் ஊர் சுத்தப் போகுது, நான் உள்ளுக்குக் கிடக்கவேணும்" என்று அவள் சன்னலுக்கு உட்புறமிருந்து புலம்பிக்கொண்டிருந்தாள். ஹலீனா கூடையோடு படகுத்துறைக்கு வந்தாள். அதிகாரி தன் அக்காவைப் பார்த்தார், பல்லைக் கடித்துக்கொண்டு மொழிபெயர்ப்பாளனைப் பார்த்தார். "யார் அது?"

"என்ர அக்கா" என்றான் அவன். அதிகாரி அவன் காதைப் பிடித்துத் திருப்பிப் பார்த்தார். காது அதன் நிறத்தில்தான் இருந்தது. உனக்குத்தான் அக்கா இல்லையே என்று கேட்டதற்கு, வெள்ளிக்கிழமை மஞ்சள் தண்ணி குடித்த விவரத்தைச் சுத்தமான ஜப்பானிய மொழியில் சொன்னான். சாட்சிக்கு ஆள் அனுப்பினார்கள். தெருவே வந்து சாட்சி சொன்னது. வளர்ந்த ஆளைத் தத்தெடுக்கும் வழக்கத்தில் ஜப்பானுக்கும் யாழ்ப்பாணத்துக்கும் பெரிய வித்தியாசம் இல்லை என்பதால் அதிகாரிக்கு அது விளங்கியது. படகு கிளம்பும் நேரமாயிற்று. அவர் கையை ஆட்டினார். கூடை படகில் ஏறிற்று. அதற்குப் பிறகு அவர் விசாரணையைத் தொடரவில்லை. வாரத்தில் ஒருநாள் மாத்திரம் படகுத்துறைக்கு வந்து நின்று, அக்கா நல்லபடியாகப் படகேறுகிறாளா என்று பார்த்துவிட்டுப் போவார். போர் முடிகிற வரைக்கும் அந்த வழக்கத்தை அவர் விடவில்லை.

செப்டம்பரில் ஆங்கிலேயர்கள் திரும்பி வந்தார்கள். நாட்டுக்குத் திரும்ப விரும்பும் ஐரோப்பியர்களை விசாரித்த ராணுவ அதிகாரி, ஹலீனாவைக் கண்டதும் எழுந்து கட்டிப்பிடித்து அழுதுவிட்டு, தன் தங்கை இங்கிலாந்துக்காரி, போலந்துக்காரி என்று சொல்லிக் கப்பலில் இடம் கேட்பது நியாயமில்லை என்று கண்டித்தார். கேட்டாலும் போக இடம் இல்லை. லுவூஃப் நகரம் இருந்த இடத்திலேயே இருந்துகொண்டு வேறு நாட்டுக்குப் போய்விட்டிருந்தது. அதில் மாயம் ஒன்றும் இல்லை, மூன்று அரசாங்கங்கள் உட்கார்ந்து பேசிச் செய்தது. சுங்கை பாக்காப் ரேடியோவுக்காகக் கொடுத்த பதக்கத்தை, சொந்தத் தங்கைக்குத் தானே பதக்கம் குத்துவது முறையாகாது என்று அந்த அதிகாரி பக்கத்தில் நின்ற யோகலட்சுமிக்குக் குத்திவிட்டார். அவள் அதை ஒரு நாள் முழுக்கப் போட்டுக்கொண்டு திரிந்துவிட்டுத்தான் திருப்பிக் கொடுத்தாள்.

ஸ்ரீஸ்கந்தராஜா அந்த மாதங்களில் ஹலீனாவை நல்ல தம்பியாகக் கவனித்துக்கொண்டான். தண்ணீர் தூக்கினான், விறகு பிளந்தான், எதிரில் கால்மேல் கால் போடுவதில்லை. அவளுக்கு எரிச்சல் எரிச்சலாக வந்தது. ஒருநாள் கடையில் யாரும் இல்லாதபோது அவன் கையிலிருந்த விறகைப் பிடுங்கி மூலையில் எறிந்துவிட்டு, "இப்ப நான் யாரு?" என்றாள்.

"யோகலட்சுமி அக்கா."

அவள் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். அவனுக்கு அந்த அழுகைச் சத்தம் எங்கேயோ கேட்டதாக இருந்தது. யோகலட்சுமி அழுது அவன் பார்த்ததில்லை. "பொறுங்கோ" என்று சொல்லி, கண்ணை மூடிக்கொண்டு நின்றான். கொஞ்ச நேரம் ஒன்றும் நடக்கவில்லை. அப்புறம், "மூக்கு சிவந்திருக்கு" என்றான். "புள்ளியெல்லாம் சிவந்திருக்கு. ஹலீனா, இவ்வளவு நாளும் எங்க போயிருந்தாய்?"

மறு வருடம் கல்யாணம். குருக்கள் தயங்கினார், தத்துப்பிள்ளை அக்காவையே கட்டுவதா என்று கேட்டார். "அவள் எங்கட பிள்ளை இல்லை ஐயா. எங்கட பிள்ளை மாதிரித் தெரியிறாள், அவ்வளவுதான்" என்று பத்மாவதி தீர்த்துவைத்தாள். பெண்வீட்டார் தாங்கள்தான் என்று நூர் முகம்மது பந்தியை ஏற்றுக்கொண்டு, மரியாதைக்கு மரக்கறியாகவே சமைத்தார். மாப்பிள்ளை இறுகக் கண்ணை மூடிக்கொண்டு தாலி கட்டினார். முதல் முடிச்சு சரியாகவே விழுந்தது. மீதியை நாத்தனார் முறைக்கு யோகலட்சுமி போட்டாள். தெருவில் யாரும் இதைக் கேலி செய்யவில்லை. சிலர் நாற்பது வருடம் கண்ணைத் திறந்துகொண்டு குடும்பம் நடத்தி என்ன கண்டார்கள் என்று ஜன்னத் கணவர் காதில் விழும்படி கேட்டாள். அதன் பிறகு ஸ்ரீஸ்கந்தராஜா வீட்டுக்குள் கண்ணைத் திறந்ததில்லை. வாசற்படியில் மூடுவார், வெளியே போகும்போது திறப்பார். எந்தக் கதவு எங்கே, எந்தத் தட்டு சூடு என்பதெல்லாம் ஆறு மாதத்தில் பழகிவிட்டது. ஹலீனா தெருமுனை வீடுகளில் பிள்ளைகளுக்குப் பியானோ சொல்லிக்கொடுத்தாள். அவர் ஒரு வக்கீல் அலுவலகத்தில் மொழிபெயர்ப்பாளர் ஆனார். ஜப்பானிய மொழியை மட்டும் மறந்துவிட்டதாகச் சொல்லிக்கொண்டார். சொல்லும்போதெல்லாம் காது சிவந்தது.

கண்ணை மூடிக்கொண்டு பார்க்கிற முகத்துக்கு ஒரு குறை, அதற்கு வயதாகாது. ஹலீனா முப்பதைத் தாண்டிய பிறகும் அவருக்கு இருபத்தாறு வயது முகமே தெரிந்தது. மகள் தனலெட்சுமி பேசக் கற்றுக்கொண்ட பிறகுதான் அது தீர்ந்தது. தனத்துக்கு அக்கா இல்லை, தங்கை இல்லை. யோகலட்சுமிக்கு இரண்டு பெண்கள் உண்டு, ஆனால் அவர்கள் அத்தை மகள்கள். அத்தை மகள் உடன்பிறந்தாள் கணக்கில் வரமாட்டாள் என்பதை யாரும் யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆகவே குழந்தை தன் அம்மாவை உள்ளபடி பார்த்தாள். மூன்று வயதில் ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டே, "அம்மா மூக்குல மண்ணு ஒட்டியிருக்கு" என்றாள். அப்பா சாப்பாட்டை நிறுத்திவிட்டு, "அது மண் இல்லை பிள்ளை. வேற என்ன இருக்கு, சொல்லு" என்றார். அம்மாவும் கையைத் துடைத்துக்கொண்டு வந்து உட்கார்ந்துவிட்டாள். அவளுக்கும் வேறு வழியில் தெரிய வாய்ப்பில்லை. அவள் கண்ணாடியில் இன்னும் ஸோஃபியாதான் இருந்தாள், கூடவே வயதாகிக்கொண்டு. இரண்டாவது குழந்தை வேண்டாம் என்று முடிவு செய்தார்கள். பிறக்கும் பிள்ளை அம்மாவையும் அக்கா என்று கூப்பிட்டுக்கொண்டு திரிந்தால் பள்ளிக்கூடத்தில் விளக்கம் சொல்ல முடியாது.

அதன்பின் காலைச் சாப்பாட்டு நேரத்தில் தனம் பார்த்துச் சொல்வதும், அவர் கேட்டு வைத்துக்கொள்வதும் அந்த வீட்டில் பேப்பர் படிப்பதைப்போல ஆகிவிட்டது. கண்ணுக்குக் கீழே கோடு விழுந்த வாரம், பல் கட்டிய வாரம், பியானோ பிள்ளை ஒன்று படாதபாடு படுத்தி நெற்றி சுருங்கிய வாரம், எதுவும் விடுபடவில்லை. தனம் உயர்நிலைப்பள்ளியில் சேர்ந்த வருடம் ஒரு காலை, புத்தகப்பையை மாட்டிக்கொண்டே அம்மாவைச் சுற்றி வந்தாள்.

"காதோரம் ஒரு முடி வெள்ளையாயிடுச்சு பா."

"எந்தக் காது?"

"இடது. கொஞ்சம் சுருட்டையா இருக்கு."

அவர் மூடிய கண்ணுக்குள் அந்த முடியை இடம் பார்த்துப் பொருத்தினார். ஹலீனா தேநீர்க் கோப்பையோடு அசையாமல் நின்றாள், படம் எடுக்கிறவருக்கு முன்னால் நிற்பதைப் போல. "சரி, வச்சாச்சு" என்றார் கடைசியில். "மத்தது?"

"மத்ததெல்லாம் நேத்து மாதிரிதான் லா."

"வடிவா இருக்கு" என்றார். கோப்பையை வாங்கிக் குடித்து முடித்தார், குடையை எடுத்துக்கொண்டார், சுவரைத் தொடாமல் நடந்து வாசற்படிக்குப் போனார். படியைத் தாண்டியதும் கண்ணைத் திறந்து, செருப்பை மாட்டி, வழியனுப்ப வந்து நின்றவளைப் பார்த்து மரியாதையாக, "போயிட்டு வாறன், அக்கா" என்று சொல்லிவிட்டு வேலைக்குப் போனார்.